அம்மாவைக் கேட்காத விடுதலை

1

வெள்ளிக்கிழமை இங்கே விடுமுறை. சவூதியில் இந்தத் தம்மாமுக்கு வந்து சில வருடங்கள் ஆகியும் ஞாயிற்றுக்கிழமை காலையில் கண் விழித்ததும் இன்றைக்கு லீவு என்று உடம்பு ஒரு கணம் ஏமாந்துபோகிறது. வெள்ளிக்கிழமைகளில் துணி துவைப்போம், கோழி வாங்கி வருவோம், மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு கேசட் கேட்போம். பாட்டுக் கேசட் இல்லை. ஊரிலிருந்து வரும் பேச்சுக் கேசட்.

என் அம்மாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். அதனால் முதல் லீவில் போனபோதே ஒரு டேப்ரிகார்டர் வாங்கி வைத்துவிட்டு, எந்தப் பொத்தானை அழுத்த வேண்டும் என்று அக்காவின் கணவர் கோவிந்தன் மாமாவுக்குக் காட்டிக் கொடுத்துவிட்டு வந்தேன். ஊரிலிருந்து யாராவது இங்கே வந்தால், அவர்களோடு அம்மாவின் குரலும் விமானம் ஏறி வரும்.

இந்த முறை கொண்டு வந்தவன் கரீம். திருவண்ணாமலை டவுனில் தலைமுறையாகத் தையல் கடை வைத்திருக்கும் குடும்பம். இவன் மட்டும் ஊசியைத் தொடாமல் எலக்ட்ரீஷியன் ஆகி, எங்கள் கம்பெனியில் சேர்ந்து, என் அறையிலேயே கட்டில் போட்டிருக்கிறான். லீவு முடிந்து வந்தவன் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக் கிடந்தான். அவனுடைய மகள் லீவின் கடைசி நாள் வரைக்கும் அவனை மாமா என்றே கூப்பிட்டாளாம்.

கேசட்டைப் போட்டேன்.

“டேய் சேகரு, நல்லா கீறியா? இங்க எல்லாரும் நல்லா கீறோம். மல்லாட்டை புடுங்கியாச்சு. இந்த வாட்டி காய் கம்மி, கொடிதான் ஜாஸ்தி. ஒங்கக்கா வந்து ஒரு வாரம் இருந்து ஆஞ்சு குடுத்துட்டுப் போனா. அப்புறம் ஒரு சேதிடா. அந்த ராஜவேலுவ ஜெயில்லேருந்து உட்டுடப் போறாங்களாம். ஆபீசரு வந்து ஊர்ல விசாரிச்சாராம். ஒரு தகராறும் இல்ல, உடலாம்னு சொல்லி அனுப்பிட்டாங்களாம். என்னைய வந்து…”

டக்.

மறுபடி ஓடியபோது அம்மா பசு கன்று போட்டதைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தாள்.

ராஜவேலு என் அப்பாவைக் கொன்றவன்.

திரும்பச் சுற்றிக் கேட்டேன். மறுபடியும் சுற்றினேன். “என்னைய வந்து”, டக், பசு.

“இன்னாடா, டேப்பையே தேச்சுடுவ போலக்குதே,” என்றான் கரீம்.

“யாரோ அழுத்தியிருக்காங்க.”

“கரண்ட்டு போயிருக்கும்.”

“அது பேட்டரியில ஓடுது.”

“அப்போ பேட்டரி தீந்திருக்கும்.”

“தீந்தா குரல் இழுக்கும். இது வெட்டின மாதிரி நிக்குது. நீ ஊட்டுக்குப் போனியே, யாரு இருந்தா?”

“ஒங்க மாமாதான் பையில போட்டுக் குடுத்தாரு. டீ குடுத்தாங்க. குடிச்சேன். ஏன்டா என்னையே போலீஸ் மாதிரி கேக்கற?”

அவனையும்தான் சந்தேகப்பட்டேன். இவ்வளவு பெரிய சேதி ஊரில் உலவும்போது இவன் காதில் மட்டும் விழாமல் இருந்திருக்குமா? தெரிந்தும் சொல்லாமல் வந்தானா? தூர தேசத்தில் இருப்பவனுக்கு முதலில் கெடுவது காது. எல்லாவற்றிலும் ஏதோ ஒன்று மறைந்திருப்பதாகவே கேட்கும்.

2

எங்கள் ஊர் அடி அண்ணாமலை. மலை சுற்றுகிறவர்கள் எங்கள் ஊரைப் பாதி வழியில் கால் வலியோடு பார்த்திருப்பார்கள்.

ராஜவேலு எங்களுக்குப் பங்காளி. எனக்குச் சித்தப்பா முறை. இரண்டு வீட்டுக்கும் பொதுவாக ஒரு பங்குக் கிணறு. ஒரு நாள் எங்களுக்கு, மறுநாள் அவர்களுக்கு என்று தண்ணீர் முறை. மழை இல்லாத அந்த வருடம் கிணற்றில் தண்ணீர் ஊறுவதே அரிது. கரண்ட்டும் நினைத்தால் வரும், நினைத்தால் போகும். எங்கள் முறையன்று கரண்ட் வரவில்லை. மறுநாள் வந்தது. அப்பா, நேற்றைய முறையை இன்றைக்கு இறைத்துக்கொள்கிறேன் என்றார். சித்தப்பா முடியாது என்றார். வாய்ச்சண்டைதான். கையில் மண்வெட்டி இல்லாமல் இருந்திருந்தால் வாய்ச்சண்டையாகவே முடிந்திருக்கும்.

நான் அப்போது பதினொன்றாம் வகுப்பு. பள்ளிக்கூடத்திலிருந்து என்னை அழைத்துப்போக வந்தவர் வழியெல்லாம் சைக்கிளை மிதிக்காமல் தள்ளிக்கொண்டே வந்தார்.

செஷன்ஸ் கோர்ட்டில் ஆயுள் தண்டனை கொடுத்தார்கள். தீர்ப்பைக் கேட்டுவிட்டு வெளியே வேப்ப மரத்தடியில் நின்றபோது, படித்த பிள்ளை என்பதால் அம்மாவுக்கு நான்தான் அர்த்தம் சொன்னேன்.

“ஆயுள்னா சாகிற வரைக்கும்மா.”

“யாரு சாகிற வரைக்கும்?” என்றாள்.

அவன் சாகிற வரைக்கும்தான் என்று சொல்லிவிட்டு, இது என்ன கேள்வி என்று நினைத்துக்கொண்டேன். அம்மா சரியாகத்தான் கேட்டிருக்கிறாள் என்று இப்போது தோன்றுகிறது. ஆயுள் என்பது ஆயுள் இல்லை. ஜெயிலில் ஒழுங்காக வேலை செய்தால் தள்ளுபடி, நடத்தை நன்றாக இருந்தால் தள்ளுபடி, தலைவர்கள் பிறந்தநாள் வந்தால் தள்ளுபடி. எல்லாம் சேர்ந்ததும் ஒரு குழு உட்கார்ந்து, இவனை விடலாமா என்று பார்க்கும். ஊரில் விசாரிக்க ஓர் அதிகாரியை அனுப்பும். அவர் கேட்பது, இவன் வந்தால் ஊரில் கலவரம் வருமா என்பதைத்தான். செத்தவன் வீட்டில் என்ன நினைக்கிறார்கள் என்று கேட்க வேண்டிய கட்டாயம் யாருக்கும் இல்லை.

மனிதன் வெளியே வருவதில் எனக்கு வெறுப்பு இருந்ததா? இருந்தது. பொய் சொல்லி என்ன பயன். ஆனால் அதைவிட என்னை அரித்தது இன்னொன்று. ஊரில் இத்தனை வாய்கள் “உடலாம்” என்று சொல்லியிருக்கின்றன. எங்கள் வீட்டு வாயிலிருந்து என்ன போயிற்று? யார் போய்ச் சொன்னார்கள்?

3

எங்கள் ஆபீசில் மொழிபெயர்ப்பாளர் ஒருவர் இருக்கிறார். மலையாளி. ஊரில் வாத்தியாராக இருந்தவர் என்பதால் எல்லாரும் மாஷ் என்றே கூப்பிடுவோம். கோர்ட் வேலையாகவும் அவரை அழைப்பார்கள். மனசு அடங்காமல் அவரிடம் விஷயத்தைச் சொன்னேன். அவர் டீயைக் கீழே வைத்துவிட்டு ஒரு வழக்கைச் சொன்னார்.

இந்த நாட்டுக்காரன் ஒருவன் இன்னொருவனைக் கொன்றுவிட்டான். இங்கே கொலைக்குத் தலை போகும், உங்களுக்குத் தெரியும். ஆனால் அதற்கு முன் செத்தவனின் வாரிசுகளைக் கேட்க வேண்டும். அவர்கள் மன்னித்தால் உயிர் பிழைப்பான். வாரிசுகளில் ஒன்று கைக்குழந்தை. அதற்காகக் காத்திருக்கிறார்களாம். குழந்தை வளர்ந்து, விவரம் தெரிந்து, தன் வாயால் வேண்டும் வேண்டாம் என்று சொல்லும் வரைக்கும் அவன் ஜெயிலில்.

அன்றைக்கு அறைக்கு வந்ததும் கரீமிடம் சொன்னேன். ஒரு கைக்குழந்தையின் வாய்க்கு இத்தனை மரியாதை, என் அம்மா வாய்க்கு இல்லையே என்றேன்.

கரீம் முட்டை உடைத்துக்கொண்டிருந்தான். “கேக்கறாங்கன்னு சொல்றியே, எப்டி கேப்பாங்கன்னு மாஷ் சொன்னாரா?”

“எப்டி?”

“கொன்னவன் சாதிசனம் மொத்தமும் கார் போட்டுக்கினு வந்து ஊட்டு வாசல்ல உக்காந்துக்கும். பெரிய பெரிய ஆளுங்க. ஒத்துக்கோ, ஒத்துக்கோன்னு. அந்தப் பொம்பளை உள்ள உக்காந்து அழுதுக்கினே இருக்கணும். கேக்காம உடறதும் ஒரு மாதிரி, கேட்டே கொல்றதும் ஒரு மாதிரி. வெங்காயம் அரிடா.”

வெங்காயம் அரிந்தேன். அவன் சொன்னதும் நியாயமாகத்தான் பட்டது. எங்கேயும் நேராகக் கேட்கிற ஆள் இல்லை போலிருக்கிறது.

4

லீவு கேட்பது இங்கே ஒரு தனிப் பரீட்சை. பாஸ்போர்ட் கம்பெனிப் பெட்டியில் இருக்கிறது. மேனேஜர், அவர்கள் வார்த்தையில் முதீர், கையெழுத்துப் போட்டால்தான் அது வெளியே வரும். எனக்குத் தெரிந்த அரபு வெண்டைக்காய் வாங்கக்கூடப் போதாது. அவருக்குத் தெரிந்த இங்கிலீஷ் என்னைத் திட்டப் போதும்.

“என்ன விஷயம்?”

“என் அப்பா, சார்.”

காகிதத்தைப் புரட்டினார். “வேலைக்குச் சேரும்போதே உன் அப்பா செத்துவிட்டதாக எழுதியிருக்கிறாய்.”

“ஆமாம் சார். அதே அப்பாதான்.”

கண்ணாடியைக் கழற்றினார். எனக்குத் தெரிந்த சொற்களை வரிசை தப்பாமல் அடுக்க முயன்றேன். கொலை. ஜெயில். இப்போது வெளியே விடுகிறார்கள். என் அம்மா.

அவர் கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டார். பிறகு கேட்டார், “உன் அம்மா உயிரோடு இருக்கிறாளா?”

“இருக்கிறாள்.”

“அப்படியென்றால் அவளைக் கேட்க வருவார்கள். அப்போது பக்கத்தில் மகன் இருக்க வேண்டும். போ.”

கையெழுத்துப் போட்டுவிட்டார். எங்கள் ஊரில் யாரும் கேட்க வர மாட்டார்கள் என்று சொல்ல வாய் வரவில்லை. சொன்னால் லீவு போய்விடும் என்ற பயம் பாதி. அதைச் சொல்ல வெட்கம் பாதி.

5

கார்த்திகை தீபத்துக்குக் கொடியேறியிருந்த சமயம். பஸ்ஸெல்லாம் ஜனம். கோவிந்தன் மாமா பஸ் ஸ்டாண்டுக்கே வந்திருந்தார்.

“வா மச்சான். இன்னா இப்டி எளைச்சுப் பூட்ட? அரபு நாட்டுல சோறு போட மாட்டாங்களா?”

பெட்டியைத் தூக்கிக்கொண்டார். பெட்டி தூக்குவதில்கூட எனக்குச் சந்தேகம். வழக்கத்தைவிட அன்பு ஜாஸ்தியாகத் தெரிந்தது. ஊர் எல்லையில் இறங்கியதும் கேட்டேவிட்டேன்.

“மாமா, டேப்ல அம்மா ராஜவேலு சேதி சொல்லும்போது நடுவுல யாரு அழுத்தினது?”

“எனக்கு எப்டித் தெரியும்? கழனியில இருந்தேன். கேசட்ட பையில போட்டுக் குடுத்ததுதான் நானு.”

“ஆபீசரு வந்தாரே, அவருகிட்ட நம்ம ஊட்டுச் சார்பா யாரு பேசினது?”

நின்றுவிட்டார். “நான்தான் பேசினேன். இருந்ததைச் சொன்னேன். அதுக்கு இன்னா இப்ப?”

“இருந்தது இன்னா?”

“ரெண்டு ஊடும் ஒண்ணாயிடுச்சுன்னு. பந்தியில ஒண்ணா கை நனைச்சாங்கன்னு. ஊரே பார்த்துச்சு.”

பிறகுதான் முழுக் கதையும் வெளியே வந்தது. போன வருடம் ராஜவேலுவின் தாயார் முனியம்மா இறந்துபோனாள். அது மட்டும்தான் எனக்குக் கேசட்டில் வந்தது. கருமாதிக்கு ராஜவேலு பரோலில் வந்திருக்கிறார், இரண்டு போலீஸ்காரர்களோடு. அந்தக் கருமாதிப் பந்தியில் என் அம்மா உட்கார்ந்திருக்கிறாள்.

வெளியூர்க்காரர்களுக்கு இதில் என்ன இருக்கிறது என்று தோன்றும். எங்கள் பக்கத்தில் பகை வந்துவிட்டால் பங்காளிகள் ஒரு வீட்டுச் சாவுக்கு இன்னொரு வீட்டில் தீட்டுக்கூடக் காக்க மாட்டார்கள். வழியில் பார்த்தால் பேச மாட்டார்கள். யார் வந்து சமாதானம் சொன்னாலும் தலையாட்டுவார்கள், கேட்க மாட்டார்கள். ஆனால் ஒரு நாள் ஒருவர் வீட்டு விசேஷத்தில் இன்னொருவர் இலைக்கு முன் உட்கார்ந்து கை நனைத்துவிட்டால் தீர்ந்தது. அதற்குமேல் பேச்சில்லை. பகை அந்த எச்சில் இலையோடு போயிற்று என்று அர்த்தம். பத்திரத்தில் கையெழுத்துப் போட்டதைவிட அது கெட்டி.

அதைத்தான் அதிகாரியிடம் சொல்லியிருக்கிறார்கள். அவரும் எழுதிக்கொண்டு போய்விட்டார்.

“அந்த போலீஸ்காரன் ஒருத்தன் அதே பந்தியில உக்காந்து ரெண்டு வாட்டி பாயாசம் வாங்கினான்,” என்றார் மாமா, சிரிப்பு வரவழைக்க.

நான் சிரிக்கவில்லை. “ஒங்க தம்பிக்குப் பொண்ணு பாக்கறீங்களாமே. எந்த ஊட்டுல?”

கரீம் சொன்ன தகவல். நான் குடைந்து குடைந்து கேட்டதில் அவன் வாயிலிருந்து விழுந்தது. மாமாவின் முகம் மாறியது.

“ராஜவேலு பொண்ணைத்தான் பேசினோம். ஆமா. அப்பன் வெளிய வந்தா கல்யாணம். அதுக்கும் இதுக்கும் முடிச்சுப் போடாத மச்சான். உக்காந்தாங்களா, இல்லையா? அதை மட்டும் கேளு ஒங்கம்மாவ.”

எனக்கு எல்லாம் புரிந்துவிட்டதாக நினைத்தேன். மாமாவுக்குத் தம்பி கல்யாணம். அதற்காக அம்மாவைப் பந்தியில் தள்ளியிருக்கிறார். அதிகாரியிடம் முந்திக்கொண்டு பேசியிருக்கிறார். டேப்பையும் அவர்தான் நிறுத்தியிருப்பார், கழனியில் இருந்தேன் என்று சொன்னாலும். சந்தேகம் ஒரு முறை சரியாக விழுந்துவிட்டால் அதற்குத் தைரியம் வந்துவிடுகிறது. மீதியையும் அதுவே பார்த்துக்கொள்கிறது.

அம்மாவிடம் அன்றைக்குக் கேட்கவில்லை. அவளிடம் கேட்க என்ன இருக்கிறது? அவளை ஏமாற்றியிருக்கிறார்கள். அதைச் சரிசெய்வது படித்த பிள்ளையின் வேலை என்று நினைத்துக்கொண்டேன்.

6

மறுநாள் டவுனுக்குப் போய், விசாரிக்க வந்த அதிகாரியின் ஆபீசைக் கண்டுபிடித்தேன். அதிகாரி கேம்ப் போயிருந்தார். கிளார்க் ஒருவர் தீபக் கூட்டத்தில் வழி தவறிய ஆளைப் பார்ப்பதுபோல என்னைப் பார்த்தார்.

“நீங்க யாரு?”

“ராஜவேலு கேஸ்ல செத்துப்போனவரோட மகன் சார்.”

“கேஸ்ல பார்ட்டியா?”

“செத்தது எங்கப்பா சார்.”

“அது சரிப்பா. கேஸ் கவர்மெண்டுக்கும் ராஜவேலுவுக்கும். நீங்க எங்க வர்றீங்க? சாட்சி சொன்னீங்களா?”

“எங்கம்மா சொன்னாங்க.”

“அப்போ ஒங்கம்மா சாட்சி. சாட்சி வேலை கோர்ட்டோட முடிஞ்சுபோச்சு.” எழுதிக்கொண்டிருந்த பேனாவை மூடினார். கொஞ்சம் இரக்கம் வந்திருக்க வேண்டும். “ஆட்சேபணை இருந்தா அப்பவே சொல்லியிருக்கலாமே தம்பி.”

“எப்போ சார்?”

“சார் விசாரிக்க வந்தப்போ.”

“எங்க ஊட்டுக்கு வரலையே சார்.”

“ஊருக்கு வந்தாரில்ல? ஊர்ல விசாரிச்சா ஊட்டுல விசாரிச்ச மாதிரிதான். பெரிய மனுஷங்க சொல்றாங்க, ஒங்க ஊட்டு மாப்ள சொல்றாரு, ஒண்ணா சாப்ட்டாங்கன்னு. அப்புறம் எதுக்கு ஒரு விதவைப் பொம்பளையப் போய்த் தொந்தரவு பண்ணணும்? இதுக்கு முன்ன மனு எதாவது குடுத்திருக்கீங்களா?”

“மாஃபி சார்,” என்றேன்.

“என்னாது?”

“இல்லைங்க சார்னு சொன்னேன்.”

நாக்கு குழறிவிட்டது. தம்மாமில் எதைக் கேட்டாலும் மாஃபி, எது நடந்தாலும் மாஃபி முஷ்கில். பிரச்சினை இல்லை என்று அர்த்தம். லாரி கவிழ்ந்தாலும் சொல்வார்கள். வெளியே வந்து நடக்கும்போது தோன்றியது, எங்கள் ஊர்க்காரர்களும் அதிகாரியிடம் அதைத்தான் சொல்லியிருக்கிறார்கள். காக்கியோ வெள்ளைச் சட்டையோ, கையில் ஃபைலோடு ஒருவர் வந்து “எதாவது தகராறு உண்டா?” என்று கேட்டால், இல்லீங்க என்பதைத் தவிர வேறு பதில் எங்கள் ஊரில் யாருக்கும் பழக்கமில்லை. உண்டு என்றால் அடுத்த கேள்வி வரும். அதற்கு யார் நிற்பது?

“மனுவா எழுதிக் குடுங்க, மேல அனுப்பறோம். கேரண்டி இல்ல,” என்று கிளார்க் சொல்லியிருந்தார்.

டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்தே எழுதினேன். கணவனைப் பறிகொடுத்த பேதைப் பெண்ணாகிய நான் என்று ஆரம்பித்து, உயிருக்குப் பயந்து வாழ்கிறேன், அன்னாரை விடுவிப்பதற்கு என் கடுமையான ஆட்சேபணையைத் தெரிவித்துக்கொள்கிறேன் என்று முடித்தேன். பதினொன்றாம் வகுப்புத் தமிழ் வாத்தியார் பார்த்திருந்தால் முதுகில் தட்டியிருப்பார்.

7

அம்மா வாசலில் உட்கார்ந்து முறத்தில் மல்லாட்டை, அதாவது வேர்க்கடலை, பொறுக்கிக்கொண்டிருந்தாள். கூடத்தில் அக்கா இருந்தாள், மாமாவும் இருந்தார். அவரும் கேட்கட்டும் என்றுதான் உரக்கப் படித்தேன்.

முடித்ததும் அம்மா, “பேதைப் பெண்ணுனா இன்னாடா?” என்றாள்.

“ஒண்ணும் தெரியாதவ.”

“அப்டியா.” ஒரு சொத்தைக் காயை வெளியே எறிந்தாள். “உயிருக்குப் பயந்துக்கினு யாரு கீறா?”

“அப்டித்தாம்மா எழுதணும். அப்பதான் எடுபடும்.”

“ம்.”

“நீ பந்தியில உக்காந்ததை வச்சுத்தான் எல்லாத்தையும் கெடுத்துட்டாங்க. இவரு சொல்லித்தானே போய் உக்காந்த?” மாமாவை நோக்கிக் கை நீட்டினேன்.

மாமா எழுந்துவிட்டார். “நல்லா கேளு மச்சான். நான் சொன்னனா அத்தை? நீங்களே சொல்லுங்க.”

“அவரு இன்னா சொல்றது,” என்றாள் அம்மா. “செத்தது யாரு? முனியம்மா. நீ பொறந்தப்போ இந்த ஊட்டுக்குள்ள வந்து கையில ஏந்தினவ. தொப்புள்கொடி அறுத்தவ. மவன் செஞ்சதுக்கு அவ இன்னா பண்ணுவா? ஒங்கப்பன் செத்த அன்னைக்கு வாசல்ல வந்து நின்னா. உள்ள வரட்டுமான்னு கேட்டா. நான் வராதன்னேன். அப்டியே திரும்பிப் போனா. அதுக்கப்புறம் அவ எங்கூடப் பேசவும் இல்ல, எங்கிட்ட வந்து எம்மவனுக்காகன்னு ஒரு வார்த்தை கேக்கவும் இல்ல. அவளுக்குப் போகாம இருப்பனா? போனேன். பந்தின்னாங்க. உக்காந்தேன்.”

“அதைத்தான் அத்தை நானும் சொன்னேன் ஆபீசருகிட்ட,” என்றார் மாமா. குரலில் வெற்றி இருந்தது. “உக்காந்தாங்க, கை நனைச்சாங்கன்னு.”

அம்மா முறத்தைக் கீழே வைத்தாள்.

“உக்காந்தேன் மாப்ள. இலையில எல்லாம் வச்சாங்க. அவன் தலைய மொட்டை அடிச்சுக்கினு கையக் கூப்பிக்கினு பந்திக்கு எதுர்ல நின்னான். நான் இலைய மூடிட்டு எழுந்துட்டேன். ஒரு பருக்கை எடுக்கல. தண்ணிகூடத் தொடல.”

மாமா ஏதோ சொல்ல வாயெடுத்தார், அம்மா விடவில்லை.

“மூடின இலைக்குள்ள இன்னா இருந்துச்சுன்னு எவன் பார்த்தான்?” என்றாள். “உக்காந்ததை ஊரே பார்த்துச்சு.”

மாமா மெதுவாகத் திரும்ப உட்கார்ந்தார். அவர் பொய் சொல்லவில்லை. தன் தம்பிக்காக, பார்த்ததற்குமேல் பார்க்காமல் இருந்திருக்கிறார், அவ்வளவுதான். அந்த முகத்தைப் பார்த்து எனக்குச் சந்தோஷம் வந்திருக்க வேண்டும். வந்தது. உடனே மனுவைக் கையில் எடுத்தேன்.

“இது போதும்மா. சாப்பிடலைன்னு இதுலயே சேத்து எழுதிடறேன். ரேகை மட்டும் வையி.”

அம்மா என் கையிலிருந்த காகிதத்தைப் பார்த்தாள். மாமாவைப் பார்த்ததைப் போலவே என்னையும் பார்த்தாள்.

“அவரு நான் உடலாம்னேன்னு சொல்லிட்டாரு. நீ நான் உடக்கூடாதுன்னேன்னு எழுதிட்ட. எழுதிட்டு வந்து எங்கிட்டயே படிச்சுக் காட்டற.”

அக்கா உள்ளேயிருந்து, “டேப்லயும் இப்டித்தான் ஆரம்பிச்சு நிறுத்திடுச்சு,” என்றாள்.

“யாரு நிறுத்தினது?” என்றேன்.

“நான்தான் நிறுத்தினேன்,” என்றாள் அம்மா. “சேப்புப் பொத்தானுக்குப் பக்கத்துல இருக்கறது. எனக்குத் தெரியாதா? என்னைய வந்து யாரும் கேக்கலன்னு சொல்ல வந்தேன். அதை எதுக்கு அத்தினி தூரத்துல இருக்கறவன்கிட்ட சொல்லிக்கினுன்னு உட்டுட்டேன்.”

இத்தனை நாள் நான் சுற்றிச் சுற்றிக் கேட்ட அந்த டக்.

“சரிம்மா,” என்றேன். “இப்ப நான் கேக்கறேன். உடலாமா, வேணாமா?”

அவள் சிரித்தாள். அப்பா செத்த பிறகு அம்மா சிரித்து நான் பார்த்தது கொஞ்சம்தான்.

“நீ ஆபீசராடா? உடற எடத்துல இருக்கறவன் வந்து எதுர்ல உக்காந்து கேக்கட்டும். எம் புருசன் செத்ததுக்கு எங்கிட்ட சாட்சி கேட்டாங்க இல்ல, கூண்டுல ஏத்தி? அப்ப என் வாயி வேண்டியிருந்துச்சு. இப்பவும் வரட்டும். அவனுக்குச் சொல்றேன். ஒனக்கு எதுக்கு?”

“என்னா சொல்லுவன்னாவது சொல்லும்மா.”

“அதை ஒங்கிட்ட சொன்னா நீ எழுதிடுவ.”

முறத்தை மடியில் எடுத்து வைத்துக்கொண்டாள். அதற்குமேல் பேச்சில்லை.

பழைய மனுவைக் கிழித்துப் போட்டுவிட்டு வேறு எழுதினேன். என் வாழ்க்கையில் நான் எழுதிய மிகச் சிறிய மனு அதுதான். கருமாதிப் பந்தியில் என் தாயார் சாப்பிடவில்லை. ராஜவேலுவை விடுவிப்பது பற்றி முடிவு செய்யும் முன் தயவுசெய்து என் தாயாரை நேரில் கேட்கவும். அவர் என்ன சொல்வார் என்பது எனக்குத் தெரியாது.

கிளார்க் படித்துவிட்டு, “இதுல வேண்டுகோள் என்னாப்பா? விடணுமா, விடக்கூடாதா?” என்றார்.

“கேக்கணும் சார்.”

“கேக்கணும்னு ஒரு வேண்டுகோளா?” சீல் போட்டு வாங்கிக்கொண்டார்.

8

திரும்பி வந்ததும் முதீர் என்னைக் கூப்பிட்டுக் கேட்டார், “உன் அம்மா என்ன சொன்னாள்?”

கேட்டால் சொல்வாளாம் என்றேன். அவருக்கு அது புரியவில்லை. நான் பேசியது இங்கிலீஷ் என்பதால்தான் என்று நினைத்திருப்பார்.

போன வெள்ளிக்கிழமை கீழ்பென்னாத்தூர்க்காரர் ஒருவர் மூலம் கேசட் வந்தது. கரீம் முட்டை வேகவைத்துவிட்டுக் கட்டிலில் வந்து உட்கார்ந்தான். இந்த முறை அவனாகவே.

“டேய் சேகரு, நல்லா கீறியா? கன்னுக்குட்டி இப்ப துள்ளுது. ஒங்க மாமா தம்பிக்குத் தை மாசம் கல்யாணமாம். ஒங்கக்கா போவா. நான் போறதைப் பத்தி இன்னும் நெனைக்கல. அவரு ரெண்டு வாட்டி வந்து அத்தை, நீங்க வரணும்னு கூப்டாரு. பந்தியில உக்கார வேணாம், வந்தா போதும்ன்றாரு. பயந்துட்டாரு பாவம்.”

கொஞ்சம் இருமினாள்.

“ராஜவேலு வந்துட்டான். உட்டுட்டாங்க. நீ எழுதிக் குடுத்தியே, அதுக்கு யாரும் வரல. நானும் ரெண்டு மூணு நாளு, மத்தியானத்துல எங்கயும் போகாம பார்த்தேன். வரல. அவன்தான் டெய்லி நம்ம வாசல் வழியாக் கெணத்துக்குப் போறான். கெழவனாப் பூட்டான்டா. தலையக் குனிஞ்சுக்கினே போறான். நேத்து வாசலாண்ட வந்ததும் நின்னான். நானும் முறத்தைக் கீழ வச்சிட்டு நிமுந்து பார்த்தேன். எதுனா கேப்பான்னு. கொஞ்ச நேரம் நின்னுட்டு அப்டியே பூட்டான். ஆபீசரும் கேக்கல, இவனும் கேக்கல.”

பின்னால் எங்கோ பஸ் ஹாரன் கேட்டது. கோழி ஒன்று கூவியது.

“கேட்டிருந்தா இன்னா சொல்லியிருப்பேன்னு நீ யோசிச்சுக்கினு இருப்ப. எனக்குத் தெரியும்.”

கரீம் என்னைப் பார்த்தான். நான் டேப்பையே பார்த்துக்கொண்டிருந்தேன். அதில் அம்மா மூச்சு விடுவது கேட்டது. விரல் ஒன்று பொத்தானைத் தேடி உரசுவதும் கேட்டது.

டக்.

மீதி கேசட் வெறுமையாக ஓடியது. திரும்பச் சுற்றவில்லை.